கொலு தாம்பூலத்துக்கு வீட்டிலேயே கலந்த பழ மூலிகைத் தேநீர்: நம்ம ஊர் ஈரக்காற்றில் எப்படி உலர்த்துவது?

மாம்பலம்_கொலு எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். இந்த வருஷம் நவராத்திரிக்கு வீட்டுக்கு வர்றவங்களுக்கு வெற்றிலை பாக்கோட பிளாஸ்டிக் கிண்ணம் வெச்சுக் கொடுக்கறதை நிறுத்திட்டு, நானே உலர்த்திக் கலந்த மூலிகைத் தேநீரை ஆளுக்கு ஒரு சின்ன பாட்டில் கொடுக்கணும்னு ரொம்ப ஆசை. சாயங்காலம் காபி, டீ குடிச்சா ராத்திரி தூக்கம் வரலைன்னு சொல்ற பெரியவங்கதான் எங்க வீட்டுக்கு அதிகம் வருவாங்க. அதனால தேயிலையே சேர்க்கப் போறதில்லை. பழம், பூ, இலை மட்டும்தான்.

மாடியில ஐந்து இதழ் செம்பருத்தி, துளசி, எலுமிச்சைப்புல், ஓமவல்லி, சங்குப்பூ இருக்கு. ஆப்பிள், அன்னாசி கோயம்பேட்டில வாங்கிக்கலாம். இப்ப கத்திரி வெயில் கொளுத்துது, இப்பவே உலர்த்தி வெச்சா புரட்டாசி வரைக்கும் தாங்குமா? ஒரு ஐம்பது பாட்டில் வேணும். ஆன்லைன்ல பழத் தேநீர்னு ஒரு பாக்கெட் வாங்கிப் பார்த்தேன். சிவப்பா வந்தது, இனிச்சது, ஆனா எந்தப் பழத்தோட வாசனையும் இல்லை. அப்படி ஒண்ணைக் கொடுக்க மனசு வரலை. வழி சொல்லுங்க.

ஈரக்காற்று எழுதியது:

அருமையான யோசனைங்க. ஆனா நம்ம ஊர்ல வெயில் இருந்தா போதும்னு நினைக்கக்கூடாது. பழம் காயறதுக்கு வெப்பம் 30 டிகிரிக்கு மேல இருக்கணும், காற்றோட ஈரப்பதம் 60 சதவீதத்துக்குக் கீழேயும் இருக்கணும். முதல் நிபந்தனைக்கு சென்னையில குறைச்சலே இல்லை. ரெண்டாவதுலதான் தடுக்கி விழறோம்.

மே மாசம் காலையில மேற்கிலிருந்து வர்ற காற்று காய்ஞ்சு இருக்கும். மத்தியானம் கடல் காற்று உள்ளே வந்த உடனே உடம்பு பிசுபிசுன்னு ஆகுதில்லையா, அந்த நிமிஷத்திலிருந்து உங்க தட்டில இருக்கற ஆப்பிளும் தண்ணியை இழுக்க ஆரம்பிச்சிடும். நான் திருவான்மியூர்ல இருக்கேன், இங்க பன்னிரண்டு, ஒரு மணிக்கே கடல் காற்று எட்டிப் பார்த்துடும். மாம்பலத்துக்குக் கொஞ்சம் பொறுத்து வரும். ஆவடி, பூந்தமல்லி பக்கம் இன்னும் தாமதம், சில நாள் வரவே வராது. அதனால காலை எட்டு மணிக்குத் தட்டை வெளியே வைங்க. முகத்தில கடல் காற்று பட்டதும் உள்ளே எடுத்து, சூடு ஆறினதும் மூடி போட்ட டப்பாவில அடைச்சிடுங்க. மறுநாள் காலையில திரும்பவும் வெளியே. சாயங்காலம் வரைக்கும் வெயில் அடிக்குதேன்னு விட்டு வெச்சா காலையில காய்ஞ்சதுல பாதி வீண்.

கைப்பேசியில வானிலை பார்க்கும்போது வெப்பத்தை மட்டும் பார்க்காம ஈரப்பதத்தையும் பாருங்க. பழம் காயப் போடறவங்களுக்கு அந்த எண்தான் முக்கியம்.

சுக்குமல்லி_பெரம்பூர் எழுதியது:

கண்ணு, பழம் வேற, தழை வேற. துளசி, புதினா, எலுமிச்சைப்புல் எதையும் வெயில்ல காட்டாதே. வெயில் பட்டா நிறம் போகும், கூடவே வாசனையும் போகும். வாசனைக்காகத்தானே போடறோம்? எங்க வீட்டுல நடைக்கூடத்தில கயிறு கட்டி, சின்னச் சின்னக் கொத்தா தலைகீழாத் தொங்க விடுவோம். எலுமிச்சைப்புல்லைப் பச்சையா இருக்கும்போதே கத்திரிக்கோலால கால் அங்குலத் துண்டா நறுக்கிடு. காய்ஞ்ச பிறகு நறுக்கினா கையைக் கிழிக்கும்.

ஓமவல்லியை மட்டும் விட்டுடு. அந்த இலை முழுக்கத் தண்ணி. காயறதுக்குள்ள கறுத்துப் போய், ஒரு மாதிரி புழுங்கின வாடை வந்துடும். அதைச் செடியிலிருந்து பறிச்சுப் பச்சையாவே கோப்பையில கிள்ளிப் போட்டாத்தான் அழகு.

காய்ஞ்சுதான்னு பார்க்க இலையைப் பார்க்காதே, காம்பை ஒடிச்சுப் பாரு. படக்குனு ஒடியணும். வளைஞ்சா இன்னும் ஈரம் இருக்கு.

ஆவடி_வெயில் எழுதியது:

அம்மா சொன்னது இலைக்கு முழுக்கச் சரி. ஒண்ணு மட்டும் சேர்த்துக்கறேன். நகரத்துக்குள்ள நிழல்ல தொங்க விட்டா அஞ்சாறு நாள் ஆகுது, அதுக்குள்ள ரோட்டுத் தூசியும் கட்டட வேலை சிமென்ட் தூளும் படியுது. எங்க வீட்டுல ராத்திரி ஏசி ஓடற அறையில, முறத்தில வெள்ளைத் துணி விரிச்சு இலையைப் பரப்பி, மின்விசிறியை மெதுவா சுத்த விடுவோம். ஏசி அறைக் காற்றிலிருந்து ஈரத்தையும் எடுக்குது. துளசி, சங்குப்பூ, ரோஜா இதழ் ரெண்டு மூணு ராத்திரியில காகிதம் மாதிரி ஆயிடும், நிறமும் அப்படியே நிக்கும்.

பழத்துக்கு டீஹைட்ரேட்டர், அதாவது சூடான காற்றில உலர்த்தற மின்கருவி, யாராவது இரவல் கொடுத்தா வாங்கிக்கங்க. பழம் 55 முதல் 60 டிகிரி, இலை 35 முதல் 40 டிகிரி. கேக் சுடற ஓடிஜி அடுப்பு இருக்கே போதாதான்னு கேட்பீங்க. பெரும்பாலான ஓடிஜி 100 டிகிரியிலதான் தொடங்கும். அதுல பழம் வெளியே பொறுக்கு தட்டி உள்ளே ஈரமா நிக்கும், அதுதான் பின்னாடி பூசணம் பிடிக்கும். ஆப்பிளை 3 முதல் 5 மில்லிமீட்டர் கனத்தில ஒரே சீரா அரியணும், அரிஞ்சதும் எலுமிச்சைச் சாறு கலந்த தண்ணியில போட்டு எடுத்தா கறுக்காது. சூடா இருக்கும்போது தொட்டுப் பார்த்து ஏமாறாதீங்க. நல்லா காய்ஞ்ச பழமும் சூட்டில மெத்துன்னுதான் இருக்கும். ஆற வெச்சு ஒடிச்சுப் பாருங்க.

அடுத்ததா, நிறையப் பேர் விட்டுடற ஒரு வேலை இருக்கு. காய்ஞ்ச பழத்தைக் கண்ணாடி பாட்டில்ல முக்கால் அளவுக்கும் குறைவாத் தளர்வாப் போட்டு மூடி, ஒரு வாரம் பத்து நாள் தினமும் ஒரு தடவை குலுக்குங்க. ஒரு துண்டில மிச்சம் இருக்கற ஈரம் மத்ததுக்கும் பரவி எல்லாம் ஒரே நிலைக்கு வரும். பாட்டில் உள்பக்கம் ஆவி படிஞ்சா காயலைன்னு அர்த்தம், உடனே திரும்பக் காய வைக்கணும். ஒரு துண்டில பூசணம் தெரிஞ்சாலும் அந்த பாட்டில் மொத்தமும் குப்பைக்குத்தான். அதை மட்டும் பொறுக்கி எடுத்துட்டு மிச்சத்தைக் கொடுக்கறது தப்பு.

வெயில்ல காய்ஞ்ச பழம்னா ஈ, வண்டு முட்டை இருக்கலாம். ஃப்ரீசர்ல மைனஸ் 18 டிகிரியில குறைஞ்சது ரெண்டு நாள் வெச்சு எடுத்தா வண்டு வராது. எடுத்ததும் திறக்காதீங்க, வெளிச் சூட்டுக்கு வந்த பிறகு திறங்க, இல்லைன்னா காற்றில இருக்கற தண்ணியெல்லாம் பழத்து மேல படிஞ்சிடும்.

மாம்பலம்_கொலு எழுதியது:

எல்லோருக்கும் மனசார நன்றி. கடல் காற்று விஷயம் புதுசு, நாளையிலிருந்தே காலை நேரத்தைப் பிடிக்கறேன். ரெண்டு சந்தேகம். இனிப்புக்கு உலர்திராட்சையும் பேரீச்சையும் நறுக்கிச் சேர்க்கலாமா? செம்பருத்தி போட்டா கடைத் தேநீர்ல வர்ற அந்தப் புளிப்பு வருமா?

பாரிமுனை_பையன் எழுதியது:

அக்கா, நாட்டு மருந்துக் கடையில வேலை பார்த்தவன் நான். உங்க ரெண்டு கேள்விக்கும் பதில் இல்லைங்கறதுதான், காரணம் சொல்றேன்.

உலர்திராட்சை, பேரீச்சை, அத்தி இதெல்லாம் காய்ஞ்ச பழம்னு பேரே தவிர உள்ளே ஈரம் நிறைய. தொட்டா ஒட்டுதே, அதுவே சாட்சி. ஒரே பாட்டில்ல போட்டா ஈரமா இருக்கறதுலேர்ந்து காய்ஞ்சதுக்கு ஈரம் போகும். மொறுமொறுன்னு இருந்த துளசியும் ரோஜாவும் ஒரு வாரத்தில துவண்டுடும். திராட்சை வேணும்னா குடிக்கும்போது கோப்பையில நாலு போட்டுக்கச் சொல்லுங்க. பாட்டிலுக்குள்ள இனிப்புக்கு ஆப்பிள் போதும்.

நம்ம வீட்டுச் செம்பருத்தி நிறம் கொடுக்கும், கொழகொழப்பு கொடுக்கும், புளிப்பு கொடுக்காது. கடைத் தேநீர்ல புளிக்கறது வேற செடி. புளிச்சைக்கீரை இனம், பூ உதிர்ந்த பிறகு காயைச் சுத்தி நிக்கற சிவப்புப் புல்லி இதழைத்தான் காய வைப்பாங்க. அது இல்லாமலே நம்மகிட்ட புளிப்புக்குப் பஞ்சமில்லை. இப்ப மாங்காய் வந்து குவியுது. கிளிமூக்கு மாங்காயைத் தோல் சீவி, உப்பு போடாம மெல்லிசா அரிஞ்சு காய வைங்க. பழுத்த மாம்பழம் தோல் மாதிரி இழுபடும், காய் அப்படி இல்லை, ஓடு மாதிரி உடையும். கூட நெல்லிமுள்ளி, அதாவது காய்ஞ்ச நெல்லிக்காய். நாட்டு மருந்துக் கடையில கேட்கும்போது உப்பு போடாததுன்னு கேட்டு வாங்குங்க. இந்தப் புளிப்பு பட்டதும் செம்பருத்திச் சாறு பளிச்சுன்னு சிவக்கும், ஊதா மங்கல் போயிடும். அதே காரணத்துக்காக சங்குப்பூவை இந்தக் கலவையில போடாதீங்க, புளிப்பு பட்டா நீலம் போய் ஊதா ஆகும். நீலம்தான் அழகுன்னா எலுமிச்சைப்புல்லோட தனிக் கலவையா வைங்க.

ஆன்லைன் பாக்கெட் பத்தி: அட்டையில சேர்மானத்தைப் படிங்க. சர்க்கரைப் பாகுல ஊற வெச்ச பப்பாளி, அன்னாசித் துண்டுதான் நிறைய இடத்தில பழம்ங்கற பேர்ல வருது. வெந்நீர்ல போட்டா சர்க்கரை கரையும், சாயம் கரையும், அவ்வளவுதான். சவுகார்பேட்டையில கிலோ கணக்கா வாங்கும்போதும் பளபளன்னு கண்ணைப் பறிக்கற அன்னாசி வில்லையை நம்பாதீங்க. தண்ணியில ஒரு துண்டை ஊற வெச்சு அந்தத் தண்ணியை நக்கிப் பாருங்க, தெரிஞ்சிடும்.

கடைசியா ஒண்ணு, எனக்கு இது ரொம்ப முக்கியம். எல்லாச் சரக்கும் ஏறக்குறைய ஒரே அளவுத் துண்டா இருக்கணும், மிளகு அளவு முதல் துவரம்பருப்பு அளவுக்குள்ள. சுக்குத்தூள் மாதிரி பொடி எதுவும் சேர்க்காதீங்க. பொடி பாட்டில் அடியில இறங்கிடும், முதல் கோப்பை சப்புன்னும் கடைசிக் கோப்பை காரமாவும் இருக்கும். சுக்கை இடிச்சு, சலிச்சு, நொய்யா இருக்கறதை மட்டும் எடுங்க.

சுக்குமல்லி_பெரம்பூர் எழுதியது:

தம்பி நல்லா சொன்னான். ஆனா எல்லாரும் வெந்நீர்ல ஊற வைக்கறதையே சொல்றீங்களே. நம்ம பழக்கம் கொதிக்க வைக்கறது. சுக்கு, மல்லி, அதிமதுரம் எல்லாம் கொதிச்சாத்தான் இறங்கும். ஒண்ணா அள்ளிப் போட்டு ஒரு கொதி விட்டா என்ன குறைஞ்சிடும்?

பாரிமுனை_பையன் எழுதியது:

அம்மா, வேர், பட்டை, விதைக்கு நீங்க சொல்றது நூறு சதவீதம் உண்மை. சுக்கு மல்லியை ஊற வெச்சா அது மல்லித் தண்ணிதான். ஆனா துளசியும் ரோஜாவும் கொதிச்சா வாசனை முழுக்க ஆவியோட சமையலறைக்குப் போயிடும், கோப்பையில கசப்புதான் மிஞ்சும். அதனாலதான் ரெண்டையும் ஒரே பாட்டில்ல கலக்க வேண்டாம்னு சொல்றேன். கொதிக்க வைக்கறது ஒரு பாட்டில், ஊற வைக்கறது ஒரு பாட்டில்.

ஊற வைக்கும்போதும் கொதிச்ச தண்ணியை ஊத்தி உடனே தட்டு போட்டு மூடணும். பூவும் இலையும் மட்டும்னா நாலஞ்சு நிமிஷம். பழத் துண்டு இருந்தா எட்டு முதல் பத்து நிமிஷம், காய்ஞ்ச பழம் தண்ணி குடிச்சு உப்பின பிறகுதான் சாறு விடும். மூடியைத் திறக்கும்போது அதோட அடியில நிக்கற வேர்வைத் துளிகளை முகர்ந்து பாருங்க, நீங்க போட்ட ஒவ்வொரு பூவும் அதுல இருக்கும். அந்தத் துளியையும் கோப்பையிலேயே தட்டி விடுங்க.

சுக்குமல்லி_பெரம்பூர் எழுதியது:

இது நியாயம். ரெண்டு பாட்டிலாக் கொடுக்கட்டும். சுக்கு பாட்டிலோட ஒரு துண்டு கருப்பட்டியும் வெச்சுக் கொடு கண்ணு. ஆனா தனித் தாள்ல மடிச்சு வை, கருப்பட்டி ஈரம் கசியும்.

இரவுப்பணி_செவிலி எழுதியது:

இந்த இழையை ஆசையாப் படிச்சேன். பெரியவங்களுக்குக் கொடுக்கப் போறீங்கன்னு இருக்கறதால சில விஷயம் சொல்லியே ஆகணும்.

அதிமதுரம் இனிப்பா இருக்குன்னு எல்லாக் கலவையிலயும் போடறாங்க. அதுல இருக்கற கிளைசிரைசின் உடம்புல உப்பையும் நீரையும் தங்க வெச்சு ரத்த அழுத்தத்தை ஏத்தும், பொட்டாசியத்தைக் குறைக்கும். ஐரோப்பாவில இந்தக் கிளைசிரைசின் ஒரு நாளைக்கு 100 மில்லிகிராமுக்கு மேல போக வேண்டாம்னு அறிவுறுத்தறாங்க. பிரஷர் மாத்திரை, நீர் போக மாத்திரை சாப்பிடறவங்க, கர்ப்பிணிகள் தினமும் குடிக்கற பொருள்ல இது இருக்கவே கூடாது. யாருக்கு என்ன வியாதின்னு தெரியாம கொடுக்கற பரிசில அதிமதுரம் வேண்டாம்.

செம்பருத்தியும் கர்ப்பிணிகளுக்கு வேண்டாம், பாட்டில் மேல எழுதிடுங்க. சுகர் மாத்திரை சாப்பிடறவங்க ஆவாரம்பூவைத் தினப்படிப் பழக்கமா ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி அவங்க டாக்டர்கிட்ட சொல்லணும். சர்க்கரை ரொம்ப இறங்கிட்டா வயசானவங்களுக்கு மயக்கம்தான், அந்த மாதிரி வர்றவங்களைப் பார்த்துக்கிட்டே இருக்கேன்.

பூ வாங்கற இடத்தையும் கவனிங்க. மாலை கட்டற பூவுக்குத் தாராளமா மருந்து அடிக்கறாங்க, அது சாமிக்கும் தலைக்கும்தான், வயித்துக்கு இல்லை. பூக்கடை மல்லியையும் ரோஜாவையும் தேநீருக்குக் காய வைக்காதீங்க. பூஜைப் பூவில அரளி கலந்திருக்கும், அரளி விஷம். பூஜைத் தட்டும் தேநீர் முறமும் பக்கத்தில பக்கத்தில இருக்கவே கூடாது.

மாம்பலம்_கொலு எழுதியது:

அதிமதுரத்தை எடுத்துட்டேன் மேடம், ரொம்ப நன்றி. மாமனாருக்கு சுகர் இருக்கு, ஆவாரம்பூ வேணும்னு கேட்டுக்கிட்டே இருக்கார். "ஆவாரை பூத்திருக்கச் சாவாரைக் கண்டதுண்டோ"ன்னு தினமும் சொல்லுவார்! அடுத்த தடவை செக்கப் போகும்போது டாக்டர்கிட்ட கேட்டுட்டுத் தனியா வெச்சுக் கொடுக்கறேன். பரிசு பாட்டில்ல சேர்க்கலை.

பாரிமுனைத் தம்பி, சிவப்புக் கலவைக்கு அளவு சொல்லுங்களேன்.

பாரிமுனை_பையன் எழுதியது:

100 கிராமுக்குச் சொல்றேன் அக்கா, நாக்குக்குத் தக்கபடி மாத்திக்கங்க. காய்ஞ்ச ஆப்பிள் 40, மாங்காய் 20, நெல்லிமுள்ளி 15, செம்பருத்தி இதழ் 15, நாட்டு மருந்துக் கடைப் பன்னீர் ரோஜா இதழ் 7, தட்டின ஏலக்காய் 3. ஒரு கோப்பைக்கு, அதாவது 200 மில்லி தண்ணிக்கு, 4 கிராம். கரண்டி கணக்கு வேண்டாம், இதழ் லேசு, மாங்காய் கனம், கரண்டி ஒவ்வொரு தடவையும் வேற வேற எடை காட்டும். பால் மட்டும் சேர்க்க வேண்டாம்னு எழுதிடுங்க, இந்தப் புளிப்புக்குத் திரிஞ்சிடும்.

பச்சைக் கலவை வேணும்னா எலுமிச்சைப்புல் பாதி, அன்னாசி கால், மிச்சம் புதினாவும் துளசியும். துளசி கொஞ்சமாத்தான் போகணும், அதிகமானா கிராம்பு வாடை எல்லாத்தையும் அமுக்கிடும்.

ஆவடி_வெயில் எழுதியது:

கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஐம்பது பாட்டில், பாட்டிலுக்குப் பத்துக் கோப்பைன்னா 40 கிராம். மொத்தம் 2 கிலோ கலவை. அதுல ஆப்பிள் 800 கிராம். 1 கிலோ ஆப்பிள் தோல், விதை போய்க் காய்ஞ்சா 150 கிராம் தேறினாலே அதிகம், அப்ப 6 கிலோ ஆப்பிள் வாங்கணும். செம்பருத்தி 300 கிராம். ஒரு பூ காய்ஞ்சா அரை கிராம் கூட நிக்காது, அப்ப 600 பூவுக்கு மேல! ஒரே வாரத்தில முடியற காரியம் இல்லை. தினமும் பூக்கறதை அன்னன்னைக்கே பறிச்சு, மகரந்தக் காம்பை நீக்கி, ஏசி அறையில காய வெச்சு சேர்த்துக்கிட்டே வாங்க. புரட்டாசிக்குள்ள சேர்ந்துடும். குறைஞ்சா நாட்டு மருந்துக் கடையில காய்ஞ்ச இதழ் கிடைக்கும்.

முக்கியமா, இப்பவே கலக்காதீங்க. ஒவ்வொரு சரக்கும் தனித்தனி பாட்டில்லயே இருக்கட்டும். நவராத்திரிக்குப் பத்து நாள் முன்னாடி கலந்தா போதும். ஒண்ணு கெட்டா அது மட்டும்தான் போகும்.

ஈரக்காற்று எழுதியது:

கலக்கற நாளையும் பார்த்துத் தேர்ந்தெடுங்க. புரட்டாசியில சாயங்கால மழை சகஜம். மழை பெஞ்சு ஓய்ஞ்ச நேரத்தில பாட்டிலைத் திறந்து வெச்சுக்கிட்டு எடை போட்டா நாலு மாச உழைப்பும் ஒரு மணி நேரத்தில பதத்துப் போகும். வெயில் ஏறின பத்து பதினோரு மணிக்கு, ஏசி போட்ட அறையில செய்யுங்க.

மாம்பலம்_கொலு எழுதியது:

எல்லாத்தையும் நோட்டுல எழுதி சமையலறைச் சுவர்ல ஒட்டிட்டேன். ஒரு கேள்வி மட்டும் பாக்கி. அழகா இருக்கும்னு பிரவுன் பேப்பர் பையில சணல் கட்டிக் கொடுக்கலாம்னு மகள் சொல்றா. சரி வருமா?

ஆவடி_வெயில் எழுதியது:

வெறும் காகிதப் பை ஈரத்தைத் தடுக்காது. வாங்கிட்டுப் போறவங்க அன்னைக்கே பிரிக்க மாட்டாங்க, தீபாவளி வரைக்கும் அலமாரியில இருக்கும், அதுக்குள்ள வடகிழக்குப் பருவமழை வந்துடும். உள்ளே அலுமினியப் பூச்சு இருக்கற ஜிப் பை, இல்லைன்னா இறுக்கமான மூடி உள்ள சின்னக் கண்ணாடி பாட்டில் வாங்குங்க. பாரிமுனையில மொத்த விலைக்குக் கிடைக்கும். பாட்டிலைக் கழுவினா அடுப்பு வெப்பத்திலயோ வெயில்லயோ முழுசாக் காய வெச்சுட்டு நிரப்புங்க. மேல சணலும் மஞ்சள் துணியும் உங்க மகள் இஷ்டத்துக்குக் கட்டட்டும். மூடியில சேர்மானம், கலந்த தேதி, 4 கிராம், பத்து நிமிஷம், பால் வேண்டாம், கர்ப்பிணிகளுக்கு வேண்டாம். இவ்வளவும் எழுதிடுங்க.

சுக்குமல்லி_பெரம்பூர் எழுதியது:

எழுத்தைக் கொஞ்சம் பெருசா எழுது கண்ணு. வாங்கிக்கப் போறவங்க எல்லாம் கண்ணாடி போடறவங்க.